கடலோர ராம்நாட்டில் கதையும் கட்டுரையும் கலந்து வாசிக்க: புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

வேலை மாற்றலில் ராமநாதபுரம் பக்கம் வந்தவர்களுக்கும், இங்கேயே பிறந்து இப்போதுதான் பாடப்புத்தகத்துக்கு வெளியே வாசிக்கத் தொடங்குபவர்களுக்கும் முதல் மாதத்தில் ஒரே திண்டாட்டம்தான். பேருந்து நிலையக் கடையில் வார இதழும் ராசிபலனும் தொங்கும். பஜாரில் ‘புத்தக நிலையம்’ என்று பலகை இருக்கும். உள்ளே போனால் நோட்டு, பள்ளி கைடு, டி.என்.பி.எஸ்.சி. வினா-விடை. ஒரு நல்ல நாவலையோ கடல் பற்றிய அறிவியல் நூலையோ கேட்டால், “ஆர்டர் போட்டு வாங்கித் தர்றேன் சார்” என்பார்கள். பெரும்பாலும் அத்தோடு சரி.

புத்தகங்கள் இங்கே கிடைக்கத்தான் செய்கின்றன, ஒரே இடத்தில் கிடைப்பதில்லை. நூலகம், கைப்பேசி, திருவிழா, தபால் என்று நாலு வழி உண்டு. இந்த வரிசையிலேயே போங்கள். இலவசத்தையும் இரவலையும் பார்த்து முடித்தபின் விலைக்கு வாங்கினால், வாங்கிய புத்தகம் அலமாரியில் தூங்காது.

ஆதார் நகல் இரண்டு, பாஸ்போர்ட் அளவு புகைப்படம் இரண்டு, இப்போது குடியிருக்கும் முகவரிக்கு ஒரு சான்று, 40 பக்க நோட்டு ஒன்று. நூலக அட்டைக்கும் குறிப்பு எழுதவும் தேவைப்படும், இவற்றை முதலில் எடுத்து வைத்துவிடுங்கள்.

1. நூலின் பெயருக்கு முன் பொருளை எழுதுங்கள்

‘சாகும் முன் படிக்க வேண்டிய 100 நூல்கள்’ வகைப் பட்டியல் வாட்ஸ்அப்பில் வாரம் ஒன்று வரும். அதை வைத்துத் தேடாதீர்கள். அவற்றில் முக்கால்வாசி நாவல். மீதி இருப்பது சுயமுன்னேற்றம். எல்லாப் பட்டியலிலும் அதே இருபது பெயர்கள்தான் சுற்றிச் சுற்றி வரும்.

நோட்டில் நாலு பொருள் எழுதுங்கள். ஒவ்வொன்றுக்கும் கீழே இரண்டு கோடு போடுங்கள்: ஒன்று கதைக்கு, ஒன்று கட்டுரை நூலுக்கு. இந்தக் கரையில் இருப்பவருக்குப் பொருள் தேடி அலைய வேண்டியதில்லை. சங்குக் குளி, முத்துக் குளி. பாசி எடுக்கப் போகும் பெண்கள். 1964 டிசம்பர் புயலும் தனுஷ்கோடியும். அதே 1964-இல் இந்தியாவும் இலங்கையும் கையெழுத்திட்ட சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தமும், அதன்பின் இலங்கை மலையகத்திலிருந்து கப்பலேறி வந்த குடும்பங்களும். சீமைக்கருவேலம், கரிமூட்டம், தூர்ந்த கண்மாய். சேதுபதிகள். 1986-இல் அறிவிக்கப்பட்ட மன்னார் வளைகுடா கடல் தேசியப் பூங்காவின் 21 தீவுகள். இதில் எதை எடுத்தாலும் இரண்டு கோட்டையும் நிரப்பத் தமிழில் ஏதாவது இருக்கும்.

இப்படி ஜோடியாகத் தேடுவதில் ஒரு வசதி உண்டு. புயலைப் பற்றிய நாவல், அன்றிரவு ஒரு வீட்டுக்குள் என்ன நடந்தது என்று காட்டும். காற்றின் வேகம் எவ்வளவு, அலை எவ்வளவு உயரம், எச்சரிக்கை ஏன் போய்ச் சேரவில்லை என்பதற்குக் கட்டுரை நூல்தான் வேண்டும். நாவலில் வரும் எண்ணிக்கையை வரலாறாக எடுத்துக்கொண்டு அடுத்தவரிடம் சொல்லிவிடுவது புதிய வாசகர்கள் வழக்கமாக விழும் பள்ளம். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்தால் அதில் விழ மாட்டீர்கள்.

தன்னம்பிக்கை நூல்களைக் கட்டுரைக் கணக்கில் சேர்க்காதீர்கள். படிக்கக் கூடாது என்று சொல்லவில்லை. ஆனால் அதை மட்டும் படித்துவிட்டு ‘நான் கதை அல்லாததும் படிக்கிறேன்’ என்று சொல்லிக்கொண்டால், வரலாறு, அறிவியல், தன்வரலாறு, பயணம், சூழலியல் என்று ஐந்து கதவுகள் பூட்டியபடியே இருக்கும்.

2. நூலக அட்டை

ராமநாதபுரத்தில் மாவட்ட மைய நூலகம். ராமேஸ்வரம், கீழக்கரை போன்ற ஊர்களில் கிளை நூலகம். சிற்றூர்களில் ஊர்ப்புற நூலகமும் பகுதி நேர நூலகமும். இருப்பு இந்த வரிசையில் குறைந்துகொண்டே போகும். வீட்டுக்குப் பக்கத்தில் இருப்பது ஊர்ப்புற நூலகம் என்றால் நாளிதழுக்கு அங்கே போங்கள். உறுப்பினர் ஆவதை மைய நூலகத்திலோ பெரிய கிளையிலோ வைத்துக்கொள்ளுங்கள்.

கிளை நூலகங்களுக்கு வழக்கமாக வார விடுமுறை வெள்ளிக்கிழமை. ஞாயிறு திறந்திருக்கும் என்பது தெரியாமல் பலர் ஞாயிறை விட்டுவிடுகிறார்கள். கீழக்கரை, பெரியபட்டினம் பக்கம் வெள்ளிதான் ஓய்வு நாள், அன்று போனால் பூட்டைத்தான் பார்க்க வேண்டும். பல கிளைகளில் காலையும் மாலையும்தான் வேலை நேரம், நடுப்பகலில் அடைப்பு இருக்கும். முதல்முறை போகும்போதே வாசல் பலகையைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

உறுப்பினர் படிவத்தை நூலகரிடம் கேட்டு வாங்கி, அங்கேயே நின்று ஒருமுறை படியுங்கள். ஆதார் நகலும் படமும் நிச்சயம். சில இடங்களில் அரசு அலுவலர் ஒருவரின் கையெழுத்தோ, உள்ளூர்க்காரர் ஒருவரின் உறுதிமொழியோ கேட்பார்கள். வெளியூர் ஆதாரோடு வந்தவர்கள் நிற்பது இங்கேதான். வாடகை ஒப்பந்தம், கேஸ் இணைப்புப் புத்தகம், அலுவலக அடையாள அட்டை, பணிச் சான்று ஆகியவற்றில் எதை ஏற்பார்கள் என்று முதல் நாளே கேட்டுவிட்டால் இரண்டாவது முறையில் வேலை முடிந்துவிடும். ஆசிரியர்கள், வங்கி ஊழியர்கள் அலுவலகத் தாளில் ஒரு கடிதம் வாங்கிப் போவது நல்லது.

பணம் இரண்டு பிரிவாக வாங்குவார்கள்: காப்புத்தொகை, ஆண்டுச் சந்தா. காப்புத்தொகை திரும்ப வரும், சந்தா வராது. இரண்டும் சேர்ந்தாலும் ஒரு நாவலின் விலையைவிடக் குறைவுதான். எத்தனை புத்தகம் எடுக்கும் அட்டை என்பதைப் பொறுத்துத் தொகை மாறும். ஒரு புத்தக அட்டை வாங்காதீர்கள். குறைந்தது இரண்டு: ஒரு கதை, ஒரு கட்டுரை. ரசீதை மறக்காமல் வாங்கி, பின்பக்கம் உறுப்பினர் எண்ணை எழுதி, படமெடுத்து வையுங்கள். ரசீது இல்லாமல் காப்புத்தொகையைத் திரும்பக் கேட்பது பெரிய பாடு. வசதி உள்ளவர்கள் 1000 ரூபாய் கட்டி நூலகப் புரவலர் ஆகலாம். அது நன்கொடை, திரும்ப வராது.

இரவல் காலம் வழக்கமாக 14 நாள். ராமேஸ்வரம் பக்கம் விசைப்படகுகள் திங்கள், புதன், சனி கடலுக்குப் போகின்றன. படகுத் தொழிலில் இருப்பவர்கள் திருப்பும் தேதி இந்த நாட்களில் விழுகிறதா என்று எடுக்கும்போதே பார்த்துக்கொள்ள வேண்டும். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். பள்ளி விடுமுறையும் அதனுள்ளேயே வருவதால் சிறுவர் அலமாரியும் நாவல் அலமாரியும் மே மாதத்தில் காலியாகும். தடித்த நாவல் வேண்டுமென்றால் மார்ச் கடைசியிலேயே எடுத்துவிடுங்கள். கட்டுரை அலமாரியை யாரும் தொட மாட்டார்கள், பயம் வேண்டாம்.

அலமாரி முன்னால் நின்றதும் ஒரு வேலை. புத்தகத்தைப் பின்பக்கமிருந்து திறந்து, கடைசித் தாளில் ஒட்டியிருக்கும் தேதிச் சீட்டைப் பாருங்கள். ஊதா முத்திரைகள் நெருக்கியடித்து, சீட்டின் மேல் இன்னொரு சீட்டு ஒட்டியிருந்தால் ஊரே படித்த புத்தகம். ஓரம் நைந்து, தாள் துணி மாதிரி ஆகியிருக்கும். பக்கத்திலேயே பவளப்பாறை பற்றியோ கல்வெட்டு பற்றியோ ஒரு நூல், பத்து வருடத்தில் இரண்டே முத்திரையோடு, திறந்தால் நெறுக்கென்று முதுகு முறியும் புதுசாக இருக்கும். இரண்டு வகையிலிருந்தும் ஒன்று எடுங்கள். கூட்டம் படித்ததை மட்டும் நம்பினால் நாவலிலேயே நின்றுவிடுவீர்கள்.

முதுகில் இருக்கும் எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள். ஒரே பொருள் நூல்கள் ஒரே எண்ணின் பக்கத்தில் கூடும். பொருள்வாரியாக எண் கொடுக்கும் டூயி முறையைப் பின்பற்றும் கல்லூரி நூலகமாக இருந்தால் 500-இல் அறிவியல், 800-இல் இலக்கியம், 900-இல் வரலாறும் புவியியலும் பயணமும். மீன்பிடி 639-இல், தொழில்நுட்பத்தோடு உட்கார்ந்திருக்கும். விலங்கியலில் தேடினால் கிடைக்காது. வாழ்க்கை வரலாறுகள் தனியாகவும் இருக்கும், அந்தந்தத் துறையோடும் சிதறியிருக்கும். இரண்டு இடத்திலும் பாருங்கள்.

“இந்தப் பொருளில் ஏதாவது வந்திருக்கா மேடம்?” என்று கேளுங்கள். நூலின் பெயரைச் சொல்லிக் கேட்டால் ‘இல்லை’ என்ற ஒற்றைச் சொல்லோடு முடிந்துவிடும். பொருளைச் சொல்லிக் கேட்டால், இன்னும் அலமாரிக்கு வராமல் கட்டுப் பிரிக்காமல் கிடக்கும் புதுவரவிலிருந்தும் எடுத்துத் தருவார்கள்.

3. எடுக்கும் முன் பத்து நிமிடச் சோதனை

அட்டையின் பின்பக்கப் புகழுரையை விடுங்கள். உள்ளே நாலாவது பக்கத்துக்குப் போங்கள். முதல் பதிப்பு எந்த ஆண்டு, இது எத்தனையாவது பதிப்பு, மொழிபெயர்ப்பு என்றால் எந்த மொழியிலிருந்து, யார் செய்தது என்று இருக்கும். ரஷ்ய நாவல் ஆங்கிலம் வழியாக வந்ததா, நேரடியாகவா என்பதை அங்கேதான் பார்க்க முடியும். மொழிபெயர்ப்பாளர் பெயரே இல்லாத மொழிபெயர்ப்பைக் கீழே வைத்துவிடுங்கள். சுருக்கப் பதிப்பை முழு நூல் போல விற்பதும் உண்டு. ‘சுருக்கம்’, ‘தழுவல்’ என்ற சொல் சின்ன எழுத்தில் அந்தப் பக்கத்தில்தான் ஒளிந்திருக்கும்.

கட்டுரை நூலுக்குப் பொருளடக்கமும் கடைசிப் பத்துப் பக்கமும் போதும். துணைநூல் பட்டியல் இருக்கிறதா, சொல்லடைவு இருக்கிறதா? எதுவுமே இல்லாமல் ‘ஆய்வாளர்கள் சொல்கிறார்கள்’ என்று பக்கத்துக்கு நாலு தடவை வந்தால், அது நூல் வடிவில் வந்த வாட்ஸ்அப் தகவல். அறிவியலும் சட்டமும் என்றால் ஆண்டு முக்கியம்: கடல் அட்டை என்ற கடலுயிரியைப் பிடிக்க 2001-இலிருந்து தடை. அதற்கு முந்தைய நூலில் அதை வருமானத் தொழிலாக எழுதியிருப்பார்கள்.

நாவலுக்கு நடுவில் ஓர் உரையாடலைப் படியுங்கள். முதல் பக்கத்தை எல்லோரும் நன்றாக எழுதிவிடுவார்கள்.

4. கைப்பேசியில், காசில்லாமல்

தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்நூலகத்தில் தொடங்குங்கள். நாட்டுடைமையாக்கப்பட்ட எழுத்தாளர்களின் நூல்களும் பழைய இதழ்களும் வருடிய (ஸ்கேன் செய்த) படங்களாக இருக்கின்றன. 1998-இல் தொடங்கிய மதுரைத் திட்டத்தில் சங்க இலக்கியம் முதல் இருபதாம் நூற்றாண்டுக் கதைகள் வரை எழுத்துருவாகவே கிடைக்கும். ஒரே நூல் அங்கே பல வடிவில் இருந்தால் யூனிகோட் என்று போட்டிருப்பதை எடுங்கள். பழைய எழுத்துருக் கோப்பைத் திறந்தால் கட்டம் கட்டமாகத்தான் தெரியும். ஃப்ரீ தமிழ் இபுக்ஸ் தளத்தில் எழுத்தாளர்களே உரிமம் கொடுத்த சமகால நூல்கள் இருக்கின்றன. தரம் ஏறி இறங்கும், பொறுமையாகப் பொறுக்க வேண்டும்.

இந்தக் கரைக்காரர்கள் தவற விடக் கூடாதது ‘நூலகம்’ என்ற பெயரிலேயே இயங்கும் ஈழத்துத் தமிழ் மின்நூலகம். யாழ்ப்பாணத்துச் சிறுகதைத் தொகுப்புகள், மலையக நாவல்கள், ஊர் வரலாறுகள், சிறு பத்திரிகைகள் என்று இங்கே எந்தக் கடையிலும் பார்க்க முடியாதவை அதில் குவிந்திருக்கின்றன. மலையகம் என்று நோட்டில் எழுதியவர்களுக்கு இரண்டு கோடும் அங்கேயே நிரம்பும்.

கடல் அறிவியலுக்கு மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தின் இணைய ஆவணக் காப்பகம். அந்த நிலையத்தின் தலைமையகம் 1971 வரை நம் மண்டபத்தில்தான் இருந்தது. எனவே மன்னார் வளைகுடா, பாக் நீரிணை பற்றிய பழைய ஆய்வுகள் ஏராளம். பெரும்பாலும் ஆங்கிலம். மீனின் அறிவியல் பெயர் தெரிந்தால் தேடுவது சுலபம்.

வருடிய கோப்புகள் பெரிதாக இருக்கும். ஒரு நூலே நூறு எம்.பி.யைத் தாண்டலாம். வைஃபை உள்ள இடத்தில் இறக்கிக்கொண்டு போங்கள். படமாக இருப்பதால் உள்ளே சொல் தேடவும் முடியாது.

டெலிகிராமில் சுற்றும் புதிய நூல்களின் பி.டி.எஃப். திருட்டுப் பிரதி. ஆசிரியர் இறந்து 60 ஆண்டு வரை நூலுக்குக் காப்புரிமை உண்டு. சில நூறு பிரதிகள் அச்சிடும் தமிழ்ப் பதிப்பாளருக்கு ஒரு குழுவில் பகிரப்படும் கோப்பே அடுத்த பதிப்பை நிறுத்திவிடப் போதும். பக்கங்கள் விடுபட்டிருப்பதும் அவற்றில் சாதாரணம்.

5. புத்தகத் திருவிழா

ராமநாதபுரத்தில் ‘முகவை சங்கமம்’ என்ற பெயரில் புத்தகத் திருவிழா நடக்கிறது. தேதி வருடத்துக்கு வருடம் மாறும். பொங்கல் கழிந்ததும் மாவட்ட நிர்வாகத்தின் அறிவிப்பைக் கவனியுங்கள். பெரிய இருப்பு வேண்டுமென்றால் மதுரைப் புத்தகத் திருவிழா, ஜனவரியில் சென்னை. எல்லாவற்றிலும் வழக்கமான தள்ளுபடி 10 சதவீதம். ‘50 சதவீதம்’ என்று எழுதித் தொங்கவிட்ட கடையில் பெரும்பாலும் பழைய இருப்பும் சமையல், கோலம் வகையும்தான். குனிந்து கிளறினால் சில சமயம் நல்ல மொழிபெயர்ப்பு அகப்படும்.

மாலையும் ஞாயிறும் பட்டிமன்றக் கூட்டம். வார நாளில் மதியம் போங்கள், கடைக்காரர் நின்று பேசுவார். முதல் சுற்றில் எதுவும் வாங்காதீர்கள். ஒவ்வொரு கடையிலும் விலைப்பட்டியல் மட்டும் கேட்டு வாங்குங்கள், இலவசம்தான். அடுத்த ஒரு வருடத்துக்கு உங்களுக்குப் புத்தகம் காட்டப்போவது அந்தப் பட்டியல்கள்தான். துறைவாரியாகப் பிரித்து, பக்க எண்ணிக்கையோடு இருக்கும்.

இரண்டாவது சுற்றில் வாங்குங்கள். நேஷனல் புக் டிரஸ்ட், சாகித்திய அகாதெமி கடைகளை விடாதீர்கள். மற்ற இந்திய மொழி நாவல்களும், பறவை, மரம், நாட்டார் வழக்காறு பற்றிய நூல்களும் குறைந்த விலையில் அங்கேதான் கிடைக்கும். பொதுவாகத் தமிழ்ப் பதிப்பகங்களில் பக்கத்துக்கு ஒரு ரூபாயிலிருந்து ஒன்றரை ரூபாய் வரை ஆகும் என்று கணக்கு வைத்துக்கொண்டு போங்கள். அச்சுப் புத்தகத்துக்கு ஜி.எஸ்.டி. கிடையாது. ரசீதில் சேர்த்திருந்தால் கேளுங்கள்.

பணம் கொடுக்கும் முன் பக்கங்களைத் தள்ளிப் பாருங்கள். புத்தகம் 16 பக்க மடிப்புகளாகத் தைக்கப்படுகிறது, ஒரு மடிப்புக்குப் பாரம் என்று பெயர். பைண்டிங்கில் ஒரு பாரம் விட்டுப்போனால் 48-க்கு அடுத்து 65 வரும். இரட்டித்தால் 33 முதல் 48 வரை மறுபடி வரும். 16, 32, 48, 64 என்ற இடங்களில் மட்டும் பார்த்தால் போதும். பழைய புத்தகக் கடையில் இதோடு நடுத் தையலில் புழுத் துளையும், கடைசிப் பக்கம் இருக்கிறதா என்பதும். கொலைக் கதையில் கடைசிப் பக்கம் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை.

மதுரை போகும் நாளில் இரண்டு மணி நேரம் ஒதுக்கி, 2023-இல் புது நத்தம் சாலையில் திறந்த கலைஞர் நூற்றாண்டு நூலகத்தில் உட்காருங்கள். வாங்கலாமா என்று யோசிக்கும் பெரிய விலை நூல்களை அங்கே புரட்டிப் பார்த்து முடிவெடுக்கலாம்.

6. தபாலில் வாங்குவது

பதிப்பகத்துக்கே வாட்ஸ்அப்பில் எழுதுங்கள்: நூல் பெயர், இருப்பு இருக்கிறதா, தபால் செலவோடு எவ்வளவு. பதில் வந்தபிறகே பணம் அனுப்புங்கள். இணையக் கடைகளில் ‘இருப்பில் உள்ளது’ என்று காட்டிவிட்டு, பத்து நாள் கழித்துப் பணத்தைத் திருப்புவது உண்டு. ஒவ்வொன்றாக வரவழைத்தால் தபால் செலவே ஒரு புத்தக விலை ஆகிவிடும். அக்கம்பக்கத்தில் இரண்டு பேரைச் சேர்த்துக்கொண்டு ஒரே கட்டாக வாங்குங்கள்.

2025 மே முதல் அஞ்சல் துறையில் ‘ஞான் போஸ்ட்’ என்று புத்தகங்களுக்கான தனிச் சேவை இருக்கிறது. 300 கிராம் வரை 20 ரூபாய், 5 கிலோவுக்கு 100 ரூபாய், வரி தனி. எங்கே போகிறது என்று இணையத்தில் பார்க்கலாம். தரைவழியாக மட்டுமே போவதால் மெதுவாக வரும், அவசரத்துக்கு ஆகாது. வார, மாத இதழ்களை இதில் அனுப்ப முடியாது. பதிப்பகம் கூரியரில்தான் அனுப்புவேன் என்றால், உங்கள் ஊருக்கு அந்தக் கூரியர் வீடு தேடி வருமா, ராமநாதபுரம் அலுவலகத்துக்குப் போய் எடுக்க வேண்டுமா என்று கேட்டுக்கொள்ளுங்கள். வாலிநோக்கம், மூக்கையூர் பக்கம் இருப்பவர்களுக்கு அஞ்சலகம்தான் நம்பிக்கை.

முகவரியில் மாவட்டமும் பின்கோடும் கட்டாயம். வெறும் ‘ராமநாதபுரம்’ என்று எழுதினால் கோயம்புத்தூரில் இருக்கும் ராமநாதபுரத்துக்குப் போய்விடும், அது 641045. நம்முடையது 623-இல் தொடங்க வேண்டும்: ராமநாதபுரம் 623501, கீழக்கரை 623517, ராமேஸ்வரம் 623526.

அக்டோபர் முதல் டிசம்பர் வரை வாங்கினால் உள்ளே பாலித்தீன் சுற்றி அனுப்பச் சொல்லுங்கள். கட்டைப் பிரிக்கும்போது கைப்பேசியில் படம் பிடியுங்கள். பாரம் விட்டுப்போயிருந்தால் அந்த இரண்டு பக்கத்தையும் படமெடுத்து அன்றே அனுப்பினால் மாற்றித் தருவார்கள். மாதம் கழித்துச் சொன்னால் பேச்சுதான் மிஞ்சும்.

7. உப்புக் காற்றும் மாற்றல் உத்தரவும்

கடலிலிருந்து நடந்து போகும் தூரத்தில் வீடு என்றால், புத்தகத்தில் முதலில் கெடுவது தாள் இல்லை, பின் ஊசி. நடுவில் ஊசி அடித்த சிற்றிதழைத் திறந்தால் ஊசியைச் சுற்றிப் பழுப்பு வளையம் படர்ந்து, ஒரு மழைக்காலம் கழிந்ததும் நடுத்தாள் கையோடு வந்துவிடும். வாங்கியதும் ஊசியைப் பிடுங்கி, நூலால் மூன்று துளையில் தைத்துவிடுங்கள். அலமாரியை ஜன்னலுக்கு எதிரேயும் வெளிச்சுவரை ஒட்டியும் வைக்காதீர்கள். சுவருக்கும் அலமாரிக்கும் நாலு விரல் இடைவெளி வேண்டும். ஈரத்தோடு பாலித்தீனில் போட்டு மூடினால் பூஞ்சை உறுதி. தை, மாசியில் காற்று காய்ந்ததும் நிழலில் விரித்து வைத்துவிட்டு அடுக்குங்கள். வெயிலில் போட்டால் முதுகுப் பசை வெடிக்கும்.

மாற்றல் உத்தரவு வந்ததும் முதலில் நூலகத்துக்குப் போங்கள். இரவல் புத்தகங்களைத் திருப்பி, ரசீதைக் காட்டி, காப்புத்தொகைக்கு விண்ணப்பம் எழுதிக் கொடுங்கள். கடைசி நாளில் போனால் நூலகர் விடுப்பில் இருப்பார். சொந்தப் புத்தகங்களை லாரிச் சாமானோடு ஏற்றாமல், 5 கிலோவுக்குச் சற்றுக் குறைவான கட்டுகளாகக் கட்டி, மேலே ‘ஞான் போஸ்ட்’ என்று எழுதி அஞ்சலகத்தில் போடுங்கள். கட்டுக்குள் கடிதம் எதுவும் வைக்காதீர்கள். எடை போடும்போது கட்டும் அட்டையும் சேரும், அதனால் வீட்டிலேயே 4 கிலோ 800 கிராமில் நிறுத்திக்கொள்ளுங்கள்.